ஹைதராபாத் ரீஜனில் டிஆர் ஒத்திகை: லேயர் இம்போர்ட் ஆகவில்லை, ஸ்னாப்ஷாட் காப்பியும் ஓடவில்லை

நைட்ஷிஃப்ட்

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் போஸ்ட்கிரெஸ் டேட்டாபேஸ் ஏடபிள்யூஎஸ் (அமேசானின் கிளவுட்) மும்பை ரீஜனில் ஆர்டிஎஸ் என்ற டேட்டாபேஸ் சேவையில் ஓடுகிறது, டிஆருக்கு (பேரிடர் மீட்புக்கு) ஹைதராபாத். மும்பையில் உள்ள ஒரு லாம்ப்டா (தனி சர்வர் வைக்காமல் ஓடும் ஃபங்ஷன்) ராத்திரி ஸ்னாப்ஷாட்டை (டேட்டாபேஸின் பேக்கப்பை) அங்கே காப்பி செய்ய வேண்டும். மும்பை படுத்துவிட்டால் ஹைதராபாத் லாம்ப்டா அதை ரீஸ்டோர் செய்து, டேபிள்களைச் சரிபார்த்து, டிஎன்எஸ்ஸை (பெயரை முகவரியாக்கும் பதிவை) மாற்ற வேண்டும். இரண்டுக்கும் பொதுவான பைத்தான் லைப்ரரிகள் (போஸ்ட்கிரெஸோடு பேசும் சைகோபிஜி2, எங்கள் சொந்த மாட்யூல்) ஒரு லேயரில், அதாவது லாம்ப்டாவோடு இணைக்கும் ஜிப் தொகுப்பில், இருக்கின்றன.

மும்பை லேயரின் ஏஆர்என்னை (ஏடபிள்யூஎஸ் அடையாளப் பெயரை) ஹைதராபாத் ஃபங்ஷனில் கொடுத்தால், லேயர் வேறு ரீஜனில் இருக்கிறது என்று வாங்கவே மறுக்கிறது. சரி என்று என் லேப்டாப்பிலேயே பிப் (பைத்தான் லைப்ரரிகளை இறக்கும் கருவி) ஓட்டி, ஜிப் கட்டி அங்கே பப்ளிஷ் செய்தேன். இப்போது இம்போர்ட் வரியிலேயே விழுகிறது, சைகோபிஜி2-க்குள் ஒரு உள் மாட்யூல் இல்லையாம். ஃபோல்டர் கண்ணெதிரே இருக்கிறது!

இது போதாதென்று ராத்திரி காப்பி செய்யும் லாம்ப்டாவும் ஹைதராபாத்தைத் தொட்டால் "செக்யூரிட்டி டோக்கன் செல்லாது" என்கிறது. அதே ரோல் (லாம்ப்டாவுக்குக் கொடுத்த அனுமதித் தொகுப்பு) மும்பைக்குள் ஒழுங்காக வேலை செய்கிறது. வெள்ளிக்கிழமை ஒத்திகை, யாராவது வழி சொல்லுங்கள்.

லினக்ஸ்_பித்தன்

லேப்டாப் மேக்தானே? ஜிப்பைப் பிரித்து சைகோபிஜி2 ஃபோல்டருக்குள் .எஸ்ஓ என்று முடியும் ஃபைலின் பெயரைப் பாருங்கள். பெயரில் "டார்வின்" இருந்தால் அது மேக்கிற்குக் கம்பைல் ஆனது, லாம்ப்டா லினக்ஸ் அதைத் திரும்பியும் பார்க்காது. மற்ற ஃபைல்கள் வெறும் பைத்தான் என்பதால் எல்லாம் இருப்பதுபோலத் தெரியும்.

பிப் ஓட்டும்போது பிளாட்ஃபார்மை மெனிலினக்ஸ்2014 எக்ஸ்86-64 என்று கொடுத்து, பைனரி மட்டும் போதும் என்றும் சொல்லி, சைகோபிஜி2-பைனரியை "பைத்தான்" என்ற பெயருள்ள ஃபோல்டருக்குள் இறக்குங்கள் (பெயர் ஆங்கிலச் சிறிய எழுத்தில்). அந்த ஃபோல்டர் ஜிப்பின் மேல்மட்டத்தில் இருக்க வேண்டும். ஃபங்ஷன் ஏஆர்எம்64 பிராசஸரில் ஓடுவது என்றால் பிளாட்ஃபார்மும் அதற்கேற்ப மாறும், பைத்தான் பதிப்பும் பொருந்த வேண்டும்.

கன்டெய்னர்கட்சி

இவ்வளவு கஷ்டம் எதற்கு, கன்டெய்னர் இமேஜாகப் போட்டுவிடுங்கள், 10 ஜிபி வரை போகலாம். இசிஆரில் (ஏடபிள்யூஎஸ்ஸின் இமேஜ் கிடங்கில்) ரெப்ளிகேஷன் வைத்தால் ஹைதராபாத்துக்குத் தானாகப் போய்விடும். ஒன்று, ரெப்ளிகேஷன் அமைத்த பிறகு புஷ் செய்த இமேஜ்கள் மட்டும்தான் போகும். பழையதை மறுபடி புஷ் செய்ய வேண்டும்.

லினக்ஸ்_பித்தன்

வெள்ளிக்கிழமைக்குள் அந்த மாற்றம் வேண்டாம் என்பேன். மும்பைக்கு லேயர் கட்டும் பைப்லைனிலேயே இன்னொரு ஸ்டெப் சேர்த்து, அதே ஜிப்பை இரண்டு ரீஜனிலும் பப்ளிஷ் செய்தால் போதும். தனித்தனியாகக் கட்டினால் ஒரு நாள் பதிப்பு மாறி நிற்கும், அது தெரிவதும் மும்பை விழுந்த அன்றைக்குத்தான்.

டோக்கன்தாத்தா

இரண்டாவது பிரச்சினை வேறு. ஹைதராபாத் 2022 நவம்பரில் வந்த ரீஜன். 2019 மார்ச் 20-க்குப் பிறகு வந்தவை எல்லாம் நாமாக எனேபிள் செய்ய வேண்டியவை. எஸ்டிஎஸ்ஸின் (தற்காலிக டோக்கன் தரும் சேவையின்) பொது எண்ட்பாயிண்ட் (அழைக்கும் முகவரி) தரும் டோக்கன், செட்டிங்கை மாற்றாதவரை, அந்த ரீஜன்களில் செல்லாது. பழைய போட்டோ3 (ஏடபிள்யூஎஸ்ஸின் பைத்தான் லைப்ரரி) மும்பையில் ஓடும்போது அந்தப் பொது எண்ட்பாயிண்டைத்தான் பிடிக்கும். ஸ்னாப்ஷாட் காப்பியை அழைக்க வேண்டியதோ போய்ச்சேரும் ரீஜனில், அதாவது ஹைதராபாத்தில். அதனால்தான் மும்பைக்குள் செல்லுபடியாகும் ரோல் அங்கே மாட்டிக்கொள்கிறது.

எஸ்டிஎஸ் கிளையண்டை உருவாக்கும் வரியில் மும்பையின் ரீஜனல் எண்ட்பாயிண்டை வெளிப்படையாகக் கொடுங்கள். ஐஏஎம் (அனுமதிகளை நிர்வகிக்கும் சேவை) அக்கவுண்ட் செட்டிங்கிலும் இதை மாற்றலாம், ஆனால் கோடில் இருந்தால் அடுத்து வருபவருக்கும் தெரியும்.

அப்புறம் நீங்கள் கேட்காத ஒன்று. பேரிடர் நேரத்தில் டிஎன்எஸ் ரெக்கார்டை மாற்றுவது சரியான திட்டம் இல்லை. ரூட் 53-இல் (ஏடபிள்யூஎஸ்ஸின் டிஎன்எஸ் சேவையில்) ரெக்கார்டைத் திருத்தும் பகுதி வர்ஜீனியா ரீஜனில் இருக்கிறது. 2025 அக்டோபர் 20 அன்று அங்கே டைனமோடிபி என்ற டேட்டாபேஸ் சேவையின் டிஎன்எஸ் கோளாறில் தொடங்கி எத்தனை சேவைகள் தடுமாறின என்று பார்த்தோமே. ஃபெயிலோவர் (ஓரிடம் விழுந்தால் மாற்று இடத்துக்குத் திருப்பும்) ரெக்கார்டையும் ஹெல்த் செக்கையும் முன்கூட்டியே வைத்துவிடுங்கள். ஹைதராபாத் எஸ்3 பக்கெட்டில் (ஃபைல் சேமிப்பிடத்தில்) ஒரு சின்ன ஃபைலைக் கண்காணிக்கும் ஹெல்த் செக்கைத் தலைகீழாக அமைத்தால், ஃபைல் இல்லாதவரை மும்பை, ஃபைலை வைத்ததும் ஹைதராபாத். எந்த ரெக்கார்டையும் தொட வேண்டியதில்லை. டெராஃபார்ம் ஸ்டேட் (உள்கட்டமைப்பின் நிலையைப் பதிந்து வைக்கும் ஃபைல்) மும்பை பக்கெட்டில் மட்டும் இருந்தால் அதையும் கவனியுங்கள்.

நைட்ஷிஃப்ட்

டார்வினேதான்! பைப்லைன் ஜிப்பை இரண்டு பக்கமும் போட்டேன், இம்போர்ட் சரியாகிவிட்டது. தாத்தா சொன்னபடி எண்ட்பாயிண்ட் கொடுத்ததும் டோக்கன் பிழையும் போய்விட்டது, ரொம்ப நன்றி. ஸ்டேட் மும்பையில்தான் இருக்கிறது, பேசிக்கொண்டிருக்கிறோம். இப்போது காப்பி வேறு மாதிரி நிற்கிறது: டேட்டாபேஸ் என்கிரிப்ட் ஆனது, கேஎம்எஸ் (என்கிரிப்ஷன் கீகளை வைக்கும் சேவை) கீ வேண்டும் என்கிறது. மும்பை கீயின் ஐடியைக் கொடுத்தால் ஏற்கவில்லை.

டோக்கன்தாத்தா

ஏற்காது, கீ அந்தந்த ரீஜனுக்கு உரியது. ஹைதராபாத்தில் ஒரு கீ உருவாக்கி அதன் ஐடியைக் கொடுங்கள், சோர்ஸ் ரீஜன் மும்பை என்பதையும் அதே அழைப்பில் சொல்லுங்கள். ரோலுக்கு இரண்டு கீயிலும் அனுமதி வேண்டும். காப்பி முடியும்வரை லாம்ப்டாவைக் காத்திருக்க வைக்காதீர்கள், 15 நிமிடத்துக்கு மேல் அது ஓடாது. ஸ்டெப் ஃபங்ஷன்ஸில் (வேலைகளை வரிசையாக நடத்தும் சேவையில்) நிலையை அவ்வப்போது கேட்கும்படி வையுங்கள்.