சிமுலேஷனுக்கு ‘ஒப்பியக்கம்’ சரிவருமா?

குழுவினருக்கு வணக்கம்.

நம் சொற்பட்டியலுக்காக, சிமுலேஷன் (இயற்கையில் நடப்பதை அதன் விதிப்படி கணினியில் நடத்திப் பார்ப்பது) என்பதற்குத் தமிழில் ‘பாவனை’யே போதும் என்று குழுவில் ஐயா ஒருவர் எழுதியிருந்தார். விஷுவல் எஃபெக்ட்ஸ் வேலையில் இருக்கும் எனக்கு அந்தச் சொல் இடிக்கிறது. தூங்காத குழந்தை தூங்குவதுபோல் காட்டுவது பாவனை. குழுவில் அக்கா ஒருவர் சொன்ன ‘உருவகப்படுத்தல்’ நீளம். உருவக அணியைத்தான் முதலில் நினைவூட்டுகிறது.

இப்போது செய்துகொண்டிருக்கும் காட்சியையே சொல்கிறேன். காசிமேட்டுக்கு வடக்கே, கடல் அரிப்பைத் தடுக்கக் கொட்டியிருக்கும் பாறைகள்மேல் வாடைக்காற்றுக் காலத்து அலை மோத வேண்டும். அலையை ஃபிரேம் ஃபிரேமாகக் கையால் நகர்த்தினால் அது அனிமேஷன். அதற்கு ‘அசைவூட்டம்’ என்ற நல்ல சொல் ஏற்கெனவே இருக்கிறது. நான் செய்வது வேறு. கடலடியின் சரிவு, ஆழம், காற்றின் வேகம் ஆகியவற்றைக் கொடுத்துவிட்டு, நீர் எப்படி ஓடும் என்று சொல்லும் நேவியர்-ஸ்டோக்ஸ் சமன்பாடுகளைக் கணினியிடம் விட்டுவிடுகிறேன். ஆழம் குறையக் குறைய அலையின் வேகம் குறைகிறது; 4 மீட்டர் ஆழத்தில் விநாடிக்குச் சுமார் 6 மீட்டர்தான். வேகம் குறைய, உயரம் ஏறுகிறது. நீரின் ஆழத்தில் ஏறக்குறைய முக்கால் பங்கு உயரம் வந்ததும் அலை உடைகிறது. பாறையில் பட்டுத் திரும்பும் அலையும் அடுத்து வரும் அலையும் மோதும் இடத்தில் தண்ணீர் செங்குத்தாக எழுகிறது. இதில் எதையும் நான் வரையவில்லை. சரியாக வந்ததா என்று அதே கரையில் எடுத்த வீடியோவோடு ஒப்பிட்டுப் பார்த்துவிடலாம்.

அதனால்தான் ‘ஒப்பியக்கம்’ என்கிறேன். விதிப்படி தானே இயங்குவதும், இயற்கையோடு ஒப்பிட முடிவதும் அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கின்றன. ஒப்பியக்கினார், ஒப்பியக்கி என்று வினையாகவும் கருவிப் பெயராகவும் வளைந்துகொடுக்கும்.

‘திரைப்படத்தில் அழகுக்காக மாற்றத்தானே செய்வீர்கள், பிறகென்ன துல்லியம்?’ என்ற கேள்வி நியாயமானது. 2014இல் வந்த ‘இன்டர்ஸ்டெல்லர்’ படத்தில் இயற்பியலாளர் கிப் தார்னின் சமன்பாடுகளை வைத்துத்தான் கருந்துளையைச் சுற்றி ஒளி வளையும் பாதைகளைக் கணக்கிட்டார்கள். கருந்துளையைச் சுற்றிச் சுழலும் வாயு வட்டின் ஒரு பக்கம் பளிச்சென்றும் மறுபக்கம் மங்கியும் தெரிந்திருக்க வேண்டும். பார்வையாளர் குழம்புவார்கள் என்று அந்த விளைவைப் படத்தில் சேர்க்காமல் விட்டுவிட்டார்கள். ஆனால் அந்தக் கணக்கீட்டு முறையை 2015இல் ஆய்விதழில் கட்டுரையாகவே வெளியிட்டார்கள். ஒப்பியக்கம் முடிந்த பிறகு அழகுக்காகச் செய்யும் மாற்றம் தனி வேலை. இரண்டையும் ஒரே சொல்லில் அடைக்கக் கூடாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன்.

ஒரு சிக்கல் உண்டு. சினிமாவில் ‘இயக்கம்’ என்றாலே டைரக்‌ஷன்தான். டைட்டிலில் ‘ஒப்பியக்குநர்’ என்று போட்டால் இணை இயக்குநர் என்று நினைத்துக்கொள்வார்கள். ஆளைக் குறிக்க ‘ஒப்பியக்கக் கலைஞர்’ என்றே வைத்துக்கொள்ளலாம். அது நாக்கில் உருளவில்லை என்றால், இதைவிடச் சுருக்கமாக யாராவது ஒன்று தாருங்கள். சொற்பட்டியலில் அதையே சேர்த்துவிடுவோம்.