மறுமலர்ச்சிக் காலப் பெண் எழுத்தாளர்கள்: புகழுரைத் தொகுப்பா, பெண்ணியச் சிந்தனையா?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். 15ஆம் நூற்றாண்டு முதல் 17ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை ஐரோப்பாவில் பெண்களுக்காக வாதாடிய பெண்களின் நூல்களை அண்மைக் காலமாக மொழிபெயர்ப்பில் படித்து வருகிறேன். படிக்கப் படிக்க ஓர் ஐயம் வலுப்படுகிறது. பிரான்சில் வாழ்ந்த கிறிஸ்தீன் த பிசான் 1405இல் எழுதிய ‘பெண்களின் நகரம்’ என்ற நூலில், பெண்களுக்கென்றே ஒரு கற்பனை நகரம் கட்டப்பட, அதில் அரசியரும் வீராங்கனைகளும் புனிதர்களும் அணிவகுத்து வருகிறார்கள். லுக்ரேசியா மரினெல்லா 1600இல் வெனிசில் வெளியிட்ட நூலிலும் ஒரு பாதி பெண்களின் மேன்மை, மறு பாதி ஆண்களின் குற்றங்கள். அரிதாகப் பிறந்த சில பெண்களின் பெயர்களை அடுக்குவதால், பெயரில்லாமல் வாழ்ந்து மறைந்த மற்ற பெண்களைப் பற்றி என்ன நிறுவப்படுகிறது? இத்தகைய புகழுரைகளை ஆண்களும் எழுதியிருக்கிறார்கள். இத்தாலிய எழுத்தாளர் பொக்காச்சியோ 1360களில் புகழ்பெற்ற பெண்களைப் பற்றி எழுதினார். ஆணைவிடப் பெண்ணே மேலானவள் என்று வாதிடும் ஜெர்மானிய அறிஞர் அக்ரிப்பாவின் நூல் 1529இல் அச்சேறியது. அப்படியானால் இந்தப் பெண்கள் எழுதியதை முன்னோடிப் பெண்ணியம் என்று கொள்வதற்கு அந்த நூல்களுக்குள்ளேயே ஆதாரம் இருக்கிறதா, அல்லது பிற்காலத்தவராகிய நாம் நம் விருப்பத்தை அவற்றின்மேல் ஏற்றிப் படிக்கிறோமா?

முதல் மறுமொழி

ஆதாரம் இருக்கிறது என்பது என் உறுதியான கருத்து. ஆனால் அது அந்தப் பெயர் வரிசையில் இல்லை. பெயர்களுக்கு இடையே வரும் விளக்கங்களில் இருக்கிறது. முன்னோர் வாழ்க்கையை எடுத்துக்காட்டி வாதிடுவதே அக்காலத்துக் கற்றோர் ஏற்றுக்கொண்ட நிறுவல் முறை என்பதால், அந்த வரிசையை அவர்களால் தவிர்த்திருக்க முடியாது. அதை யார் எதற்காகப் பயன்படுத்தினார் என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

பொக்காச்சியோ தம் முன்னுரையிலேயே, இயற்கை பெண்களுக்கு மென்மையான உடலையும் மந்தமான அறிவையும் கொடுத்திருப்பதால், அதையும் மீறி ஒருத்தி அரிய செயலைச் செய்தால் அவளை இன்னும் அதிகமாகப் பாராட்ட வேண்டும் என்கிறார். அதாவது அவருடைய பெண்கள் எல்லாரும் விதிவிலக்குகள். அவர்களைப் புகழும்போதே விதி உறுதியாகிவிடுகிறது. கிறிஸ்தீன் அவரிடமிருந்து பல கதைகளை எடுத்துக்கொண்டாலும் விதியைத்தான் தாக்குகிறார். மகன்களைப் போல மகள்களையும் பள்ளிக்கு அனுப்பி, முறையாகக் கலைகளைக் கற்பிக்கும் வழக்கம் இருந்திருந்தால், அவர்களும் அதே அளவு தெளிவாகக் கற்றிருப்பார்கள் என்று அறிவு என்னும் பெண் பாத்திரம் அவரிடம் சொல்கிறது. பெண்கள் குறைவாக அறிந்திருப்பதற்குக் காரணம், அவர்கள் வீட்டுக்குள்ளேயே இருந்து, குறைவானவற்றையே காண்பதுதான் என்பதும் அதே இடத்தில் வருகிறது. தம் சொந்த வாழ்வையும் அவர் சான்றாக வைக்கிறார்: பிரெஞ்சு அரசவையில் சோதிடராக இருந்த தந்தை மகளின் கல்வியில் மகிழ்ந்தார், மகள் நூல் நூற்க வேண்டும் என்று விரும்பிய தாயோ அதற்குத் தடையாக இருந்தார். குறை இயற்கையில் இல்லை, வளர்ப்பில் இருக்கிறது என்று 1405இல் ஒரு பெண் எழுதியிருப்பதை வெறும் புகழுரை என்று என்னால் ஒதுக்க முடியாது.

நீங்கள் எழுப்பும் கேள்வியை இத்தாலியின் பிரெஷ்யா நகரத்து லாரா செரெட்டாவே 1488 ஜனவரியில் எழுதிய ஒரு கடிதத்தில் எதிர்கொண்டார். கடிதம் பிபோலோ செம்ப்ரோனி என்பவருக்கு எழுதப்பட்டது. அது கற்பனைப் பெயராக இருக்கலாம். அந்த மனிதர் செரெட்டாவை ‘பெண்களில் ஓர் அதிசயம்’ என்று பாராட்டியதற்குத்தான் அவர் சினம் கொள்கிறார். தன்னை மட்டும் உயர்த்தித் தன் இனம் முழுவதையும் தாழ்த்தும் பாராட்டு தனக்கு வேண்டாம் என்பது அவர் வாதத்தின் சாரம். கற்கும் உரிமையை இயற்கை எல்லாருக்கும் சமமாகக் கொடுத்திருக்கிறது என்று சொல்லிவிட்டு, பழங்காலத்திலிருந்து கற்றறிந்த பெண்களின் பெயர்களை ஒரு குலமரபுபோல வரிசைப்படுத்துகிறார். அங்கே அந்தப் பெயர் வரிசை, தாம் தனியொருத்தி அல்லர் என்பதற்கான சான்றாகிவிடுகிறது. 15 வயதில் மணமாகி, சுமார் ஒன்றரை ஆண்டிலேயே கணவனை இழந்த அவர், இதை எழுதியபோது இருபது வயதைக்கூட எட்டவில்லை.

மரினெல்லாவின் நூலுக்கும் இதே முறையில் ஒரு சொல். ஜுசெப்பே பாஸி என்பவர் பெண்களின் குறைகளைத் தொகுத்து 1599இல் ஒரு நூல் வெளியிட்டார். அதற்கு மறுப்பாக எழுதப்பட்டதால்தான் ஆண்களின் குற்றங்கள் என்ற பாதி அதில் வந்தது. அதே நூலில் ஒரு சோதனையை அவர் முன்வைக்கிறார்: ஒரே வயதும் நல்ல உடல்நலமும் உடைய ஓர் ஆண் குழந்தையையும் ஒரு பெண் குழந்தையையும் ஒன்றாக வளர்த்து, எழுத்தையும் ஆயுதப் பயிற்சியையும் இருவருக்கும் கொடுத்துப் பாருங்கள் என்கிறார். பெண்ணே முந்துவாள் என்று அவர் முடிப்பது இருக்கட்டும். பெண் இயற்கையிலேயே தாழ்ந்தவள் என்ற அரிஸ்டாட்டிலின் பெயரைச் சொல்லி வாயடைத்தவர்களிடம், செய்து பார்த்துச் சொல்லுங்கள் என்று கேட்டது அந்தக் காலத்தில் பெரிய துணிவு.

இரண்டாம் மறுமொழி

மேலே எழுதியவர் எடுத்துக்காட்டிய பகுதிகளை நான் மறுக்கவில்லை. ஆயினும் நமக்குப் பிடித்த பகுதிகளை மட்டும் பிரித்தெடுத்துக் காட்டுவது அந்த எழுத்தாளர்களுக்கு நாம் செய்யும் நியாயமாகாது. கிறிஸ்தீன் நகரத்தைக் கட்டி முடித்த பிறகு, கொடிய கணவனைப் பெற்ற மனைவியரைப் பொறுமையோடு இருக்கச் சொல்கிறார். மரினெல்லா 1645இல், முதுமையில் வெளியிட்ட அறிவுரை நூலில், பெண்கள் வீட்டோடு இருப்பதையும் கைத்தொழிலையும் போற்றி, புகழ் தேடிப் புத்தகம் எழுதுவதால் பயனில்லை என்கிறார். அது மனக்கசப்பா, உண்மையான மனமாற்றமா, மறைமுகக் கண்டனமா என்று ஆய்வாளர்கள் இன்றும் வாதிடுகிறார்கள்.

வெரோனாவின் இசொட்டா நொகரோலா 1451இல் எழுதிய உரையாடல் எனக்கு இன்னும் பெரிய சிக்கலாகத் தோன்றுகிறது. ஆதாமின் பாவம் பெரிதா, ஏவாளின் பாவம் பெரிதா என்பது பொருள்; எதிர்த்து வாதிடுபவர் வெனிசின் சார்பில் வெரோனாவை ஆண்ட லுடோவிகோ ஃபொஸ்காரினி. ஏவாள் அறிவிலும் உறுதியிலும் குறைந்தவளாகப் படைக்கப்பட்டதால் அவளுடைய குற்றமும் குறைவு என்று நொகரோலா வாதாடுகிறார். வழக்கில் வெல்வதற்காகக் கட்சிக்காரியின் தகுதியையே விட்டுக்கொடுத்துவிட்டார் என்றுதான் எனக்குப் படுகிறது. சொத்து, சட்டம், ஆட்சி ஆகியவற்றில் எந்த மாற்றத்தையும் கேட்காத, அரசவையையும் செல்வக் குடும்பங்களையும் சேர்ந்த இந்தச் சிலரின் எழுத்தைச் சிந்தனை என்று ஏற்கிறேன். பெண்ணியம் என்று ஏற்கத் தயங்குகிறேன்.

மூன்றாம் மறுமொழி

நொகரோலாவைப் பற்றிய தங்கள் வருத்தம் எனக்கும் உண்டு. ஆனால் அவர் எந்த நிலையில் நின்று எழுதினார் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பெரும்புலவரான குவாரினோவுக்கு அவர் இலத்தீனில் கடிதம் எழுதி, நெடுநாள் பதில் வராததால் ஊரார் கேலிக்கு ஆளானார். 1438இல் பெயர் குறிப்பிடாத ஒருவர், உடன்பிறந்தவனோடு தகாத உறவு கொண்டவர் என்று அவர்மீது பழி சுமத்தினார். கற்ற பெண்ணின் ஒழுக்கத்தின்மேல் சேறு பூசுவது, அவள் வாதத்துக்குப் பதில் சொல்வதைவிட எளிதாக இருந்தது. பெண்கல்வியை ஆதரித்த இத்தாலிய அறிஞர் லியோனார்தோ புரூனிகூட, உயர்குடிப் பெண்ணான பட்டிஸ்டா தா மான்டெஃபெல்த்ரோவுக்கு எழுதிய கல்விக் கடிதத்தில், சமயமும் வரலாறும் கவிதையும் படிக்கச் சொல்லிவிட்டு, மேடைப் பேச்சுக்கலை பெண்ணுக்கு உரியதன்று என்று விலக்கிவிடுகிறார். கற்கலாம், அவையில் பேசக் கூடாது என்பதே அந்தக் கல்வியின் எல்லை. அதே பட்டிஸ்டா 1433இல் பேரரசர் சிகிஸ்மண்டின் முன்னிலையில் இலத்தீனில் உரையாற்றினார்.

வெனிசைச் சேர்ந்த கசாந்த்ரா ஃபெதேலேயின் வாழ்க்கையை நினைத்தால் எனக்கு ஆறவில்லை. 1487இல், இருபத்திரண்டு வயதளவில், பதுவா பல்கலைக்கழகத்தில் உரையாற்றி அவர் பெரும்புகழ் பெற்றார். ஸ்பெயின் அரசி இசபெல்லா அவரைத் தம் அவைக்கு அழைத்தார். அந்தப் பயணம் நடக்கவில்லை. மணமான பிறகு அவருடைய எழுத்து ஏறக்குறைய நின்றுபோனது. போலந்து அரசி போனா ஸ்ஃபோர்சா வெனிசுக்கு வந்த 1556இல்தான், தொண்ணூறு வயதை ஒட்டிய அந்த மூதாட்டியை மீண்டும் பேச அழைத்தார்கள். இடையில் போன ஆண்டுகளை யாரால் ஈடு செய்ய முடியும்?

ஏவாளின் வழக்கு நொகரோலாவோடு முடியவுமில்லை. 1611இல் லண்டனில் எமிலியா லானியர் தம் கவிதை நூலில் அதே வழக்கை, கிறிஸ்துவுக்கு மரண தண்டனை விதித்த ரோமானிய ஆளுநர் பிலாத்துவின் மனைவியின் வாயால் மீண்டும் நடத்துகிறார். ஆதாமே வலியவன் என்றால் பொறுப்பும் அவனுடையதே என்பதோடு, ஆண்கள் பெருமை பேசும் அறிவு ஏவாளின் கையிலிருந்து அவர்கள் பெற்றது என்றும் சொல்கிறார். கிறிஸ்துவைக் கொன்ற ஆண்களின் பாவத்துக்கு முன் ஏவாளின் பாவம் சிறிது. ஆகவே எங்கள் சுதந்திரத்தை எங்களுக்குத் திருப்பிக் கொடுங்கள், எங்கள்மேல் ஆட்சி கொண்டாடாதீர்கள் என்று நேரடியாகவே கேட்கிறார். எதையும் கேட்கவில்லை என்று தாங்கள் எழுதியதற்கு இதுவே என் பதில். பாரிசில் மரீ த குர்னே 1622இல் எழுதிய சிறு நூலில், பெண்ணே மேல் என்ற பழைய வாதத்தையும் கைவிட்டு, இருபாலாரும் சமம் என்பதோடு நிறைவடைகிறார். சன்னலில் அமர்ந்திருக்கும் ஆண் பூனைக்குப் பெண் பூனையைவிட ஒத்தது வேறில்லை என்பது அவர் காட்டும் உவமை.

கேட்டவர்

மூவருக்கும் நன்றி. செரெட்டாவின் கடிதம் என் கேள்வியின் பெரும்பகுதியைத் தீர்த்துவிட்டது. இரண்டாமவரின் தயக்கம் இன்னும் என்னிடம் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. இன்னொன்று கேட்கலாமா? ஃபெதேலே, மரினெல்லா என்று வெனிசின் பெயர் திரும்பத் திரும்ப வருகிறதே, அதற்குத் தனிக் காரணம் உண்டா? எந்த நூலிலிருந்து தொடங்குவது நல்லது?

முதல் மறுமொழி எழுதியவர்

ஐரோப்பாவின் மிகப் பெரிய அச்சு மையங்களுள் ஒன்றாக வெனிஸ் இருந்தது முதற்காரணம். இரண்டாவது காரணம் வரதட்சணை. அதை நான் சற்று விரித்தே சொல்ல வேண்டும், ஏனென்றால் இரண்டாமவர் கேட்ட சொத்துக் கேள்விக்கும் அங்கேதான் பதில் இருக்கிறது. உயர்குடியினரின் வரதட்சணை 1,600 டுகாட் பொற்காசுகளைத் தாண்டக் கூடாது என்று வெனிஸ் ஆட்சி மன்றம் 1420இல் சட்டம் இயற்றியது. 1505இல் அந்த உச்சவரம்பையே 3,000 ஆக உயர்த்த நேர்ந்தது. மகள்கள் எல்லாருக்கும் அவ்வளவு கொடுக்க இயலாத தந்தையர், மிகக் குறைந்த தொகையைக் கட்டி மற்ற மகள்களைக் கன்னியர் மடங்களில் சேர்த்தனர்.

வெனிசைச் சேர்ந்த மொதெராட்டா ஃபோந்தே எழுதிய உரையாடல் நூலில், ஒரு தோட்டத்தில் கூடும் ஏழு பெண்கள் இதைப் பற்றித்தான் பேசுகிறார்கள். தந்தையர் மகள்களுக்கு வழி செய்யாமல் இறந்துபோவது, சகோதரர்கள் சகோதரிகளின் பங்கை வைத்துக்கொள்வது, பணத்தையும் கொடுத்துவிட்டு ஒருத்தி கணவனுக்கு அடிமையாவது எல்லாம் பெயர் சொல்லிப் பேசப்படுகின்றன. ஆண்களின் மேலாண்மை அவர்களுக்கு உரியதன்று, அவர்கள் அநியாயமாக எடுத்துக்கொண்டது என்ற கருத்தும் அங்கே வருகிறது. கொரின்னா என்ற இளம்பெண் மணம் செய்யவே மறுக்கிறாள். ஃபோந்தே 1592இல் பிரசவத்தில் இறந்தார். நூல் 1600இல்தான் அச்சேறியது.

பணத்துக்காக மடத்தில் அடைக்கப்பட்டவர் தரப்பிலிருந்து எழுதியவர் ஆர்க்காஞ்செலா தராபோத்தி. இறையழைப்பு ஏதுமின்றிச் சிறுமியாகவே வெனிசின் சாந்த்’அன்னா மடத்தில் சேர்க்கப்பட்ட அவர், மகள்களை இப்படிப் பலியிடும் தந்தையரையும் அதற்கு உடன்பட்ட அரசையும் சேர்த்தே குற்றம் சாட்டினார். அவருடைய நூல் அவர் இறந்து இரண்டு ஆண்டுகள் கழிந்து 1654இல் ஹாலந்தின் லைடன் நகரில் வெளிவந்தது. விரைவிலேயே திருச்சபையின் தடைப் பட்டியலிலும் சேர்ந்தது. அவர் காலத்தால் மறுமலர்ச்சியின் விளிம்பைத் தாண்டியவர் என்றாலும், ஃபோந்தேயையும் அவரையும் அடுத்தடுத்துப் படிக்க வேண்டும் என்பேன்.

தொடங்குவதற்குச் செரெட்டாவின் அந்த ஒரு கடிதம் போதும். சில பக்கங்களே இருக்கும். அடுத்து ஃபோந்தேயின் முதல் நாள் உரையாடலைப் படியுங்கள். இரண்டாம் நாளில் மீன், மூலிகை, மருத்துவம், சட்டம் என்று பேச்சு நீள்வதைக் கண்டு பலர் நூலை மூடிவிடுகிறார்கள். இவற்றைப் பெண்கள் தாமே அறிந்துகொண்டால் ஆண்களை நம்பியிருக்க வேண்டியதில்லை என்ற எண்ணம் அந்தப் பேச்சின் அடியில் ஓடுவதால், அதையும் பொறுமையாகப் படியுங்கள். லானியரின் நூலில் பிலாத்துவின் மனைவி பேசும் பகுதியை மட்டும் தனியாகப் படித்தாலும் பொருள் விளங்கும்.