‘அனைவரும் சேர்ந்து வெட்டினார்கள்’: கும்பல் கொலை மேல்முறையீடுகளில் நாங்கள் கண்டவை

வழக்கறிஞர் ஒருவரின் பகிர்வு

பதினெட்டு ஆண்டுகளாகக் கொலை வழக்கு மேல்முறையீடுகளில், பெரும்பாலும் எதிரிகள் (குற்றம் சாட்டப்பட்டவர்கள்) தரப்பில், வாதாடி வருகிறேன். மேல்முறையீட்டில் சாட்சியின் முகத்தைப் பார்க்க முடியாது. கூண்டில் நின்றபோது அவர் குரல் தழுதழுத்ததா என்பதும் தெரியாது. தட்டச்சு செய்து தைத்த சாட்சியக் கட்டு ஒன்றுதான் மேசையில் இருக்கும். அந்தக் கட்டில் ‘எதிரிகள் அனைவரும் சேர்ந்து வெட்டினார்கள்’ என்ற வரி எங்கே வருகிறது என்றுதான் முதலில் தேடுவேன்.

ஒரு வழக்கு. கோயில் கொடைக் கணக்கில் மூண்ட பகையில், பேருந்து நிறுத்தத்தில் இரவு எட்டு மணிக்கு ஒருவர் வெட்டிக் கொல்லப்பட்டார். எதிரிகள் எட்டுப் பேர். இறந்தவரின் தம்பியான முதல் சாட்சி ஆளுக்கொரு வெட்டு எனக் கணக்காகச் சொன்னார். பிரேதப் பரிசோதனை அறிக்கையிலோ வெட்டுக் காயங்கள் மூன்றுதான். விசாரணை நீதிமன்றம் ஐவரை விடுவித்துவிட்டு, மீதி மூவரை இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 149-ஆம் பிரிவின் துணையோடு தண்டித்தது. அந்தப் பிரிவு குறைந்தது ஐந்து பேர் கொண்ட சட்டவிரோதக் கும்பலுக்கு உரியது; கும்பலின் பொது நோக்கத்துக்காக ஒருவர் செய்த குற்றத்துக்கு மற்றவர்களையும் பொறுப்பாக்குவது. பெயர் தெரியாத வேறு சிலரும் இருந்தார்கள் என்பது அரசுத் தரப்பின் வழக்கே அல்ல என்னும்போது, எட்டில் ஐந்து போனால் கும்பல் ஏது? நீதிபதிகள் இதை ஏற்றார்கள். ஆனால் 1962-இல் மோகன் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் காட்டிய வழிப்படி, பொது நோக்கம் விழுந்தாலும் 34-ஆம் பிரிவு சொல்லும் பொது எண்ணம் (ஐந்து பேர் இல்லாவிட்டாலும், பலர் ஒரே எண்ணத்தோடு சேர்ந்து குற்றம் செய்வது) சாட்சியத்தில் இருக்கிறதா என்று பார்த்தாக வேண்டும்.

இருவர் வெட்டியது உறுதியாக இருந்தது. மூன்றாமவர் மோட்டார் சைக்கிளை அணைக்காமல் காத்து நின்றார் என்பதே அவர் மீதான குற்றச்சாட்டு. காத்து நிற்பதும் பங்கேற்பே என்று பரேந்திர குமார் கோஷ் வழக்கில், ஆங்கிலேயர் ஆட்சிக்கால உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்கு முன்பே சொல்லிவிட்டது. அஞ்சல் அதிகாரி சுட்டுக் கொல்லப்பட்ட அந்த வழக்கில், தான் வெளியே முற்றத்தில் நின்றவன் என்ற வாதம் எடுபடவில்லை. ஆகவே அந்த வண்டி மெய்ப்பிக்கப்பட்டிருந்தால் இவரும் தப்பியிருக்க மாட்டார். ஆனால் வண்டியைப் பற்றிய பேச்சு முதல் தகவல் அறிக்கையிலும் இல்லை, காவல்துறை பதிந்த வாக்குமூலத்திலும் இல்லை; நான்கு ஆண்டு கழித்துக் கூண்டில்தான் முதன்முதலாக வந்தது. அவர் விடுதலையானார். தீர்ப்பன்று வராந்தாவில் இறந்தவரின் தாய் என் அங்கியின் ஓரத்தைத் தொட்டு, “அப்ப வண்டியில நின்னது யாருய்யா?” என்று கேட்டார். எதிர்த்தரப்பு வழக்கறிஞரிடம் கேட்கிறோம் என்பது அவருக்குத் தெரிந்திருக்கவில்லை.

காயம்பட்ட சாட்சி ஒருவரின் பகிர்வு

நான் கூண்டில் நின்றவன். என் சித்தப்பாவை வெட்டியபோது தடுக்கப் போய் இடது உள்ளங்கை பிளந்தது. இன்றும் சுண்டு விரல் மடங்காது. மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில் ‘தெரிந்த ஐந்து பேர் அரிவாளால் வெட்டியதாக’ என்று மருத்துவர் எழுதினார். நான் சொன்னது அதுதான். இரண்டு மணி நேரம் கழித்துப் புகார் எழுதியபோது கட்டிலைச் சுற்றி உறவினர்கள் நின்றார்கள். ஒன்பது பெயர்கள் ஏறின. கூடுதலாக ஏறிய நால்வரும் எங்களோடு பகை உள்ளவர்கள்தாம், ஆனால் அவர்களை நான் அங்கே பார்க்கவில்லை. ஊசி மயக்கத்தில் கையெழுத்துப் போட்டேன் என்று சொல்வது பாதி உண்மை. மறுத்துப் பேசத் துணியவில்லை என்பது மீதி.

மேல்முறையீட்டில் அந்தப் பதிவேட்டு நகலைத்தான் பிடித்துக்கொண்டார்கள். ஐந்தா, ஒன்பதா? ஒன்றில் பொய் சொன்னவன் எல்லாவற்றிலும் பொய்யன் என்று வாதிட்டார்கள். நம் நீதிமன்றங்கள் அந்த விதியை அப்படியே ஏற்பதில்லை என்பதாலும், என் கையில் இருந்த காயத்தாலும் வழக்கு பிழைத்தது. 1964-இல் மசால்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறிய அளவுகோலை நீதிபதிகள் எடுத்துக்கொண்டார்கள்: பெரிய கும்பலில் ஒருவர் இருந்தார் என்பதை இரண்டு மூன்று சாட்சிகளாவது முரணில்லாமல் சொல்ல வேண்டும். நானும் எதிரே இருந்த டீக்கடைக்காரரும் ஒருசேரச் சொன்ன ஐவரின் தண்டனை நின்றது. நால்வர் வெளியே வந்தார்கள். அதுவரை அந்த நால்வரும் மூன்று ஆண்டுகள் சிறையில் இருந்தார்கள், என் கையெழுத்தால்.

வழக்கறிஞரின் மறுமொழி

இதை எழுதியதற்கு நன்றி. முதல் தகவல் அறிக்கையைப் படித்துக் காட்டித்தான் கையெழுத்து வாங்க வேண்டும், நகலை இலவசமாகத் தர வேண்டும். ஆனால் விசாரணையின்போது காவல்துறை எழுதும் வாக்குமூலத்தில் சாட்சியின் கையெழுத்து வாங்கக் கூடாது என்பது சட்டம். அதனால் தன் பெயரில் என்ன எழுதப்பட்டது என்பதே பலருக்குக் கூண்டில் ஏறும்வரை தெரிவதில்லை. நீதித்துறை நடுவர் முன் பதியும் வாக்குமூலம் வேறு வகை. அது படித்துக் காட்டப்பட்டுக் கையெழுத்தாவது. 2024 ஜூலை 1 முதல், பழைய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 34-ஆம் பிரிவு 3(5) ஆகவும், 149-ஆம் பிரிவு 190 ஆகவும் எண் மாறியிருக்கின்றன, சாரம் மாறவில்லை.

சென்ற ஆண்டு ஒரு வழக்கில், பால் ஊற்றப் போன பெண் ஒருவர் நான்காம் நாளே நடுவர் முன் சொல்லியிருந்தார்: பிடித்தவர் யார், வெட்டியவர் யார், வேலியோரம் நின்று ‘சீக்கிரம்’ என்றவர் யார் என்று தனித்தனியாக, ஐந்தாவதாக நின்றவரின் முகத்தைத் தான் பார்க்கவில்லை என்றும். அடையாளம் சொல்லப்பட்ட நால்வருக்காகவும் நான்தான் வாதாடினேன். அந்த இரண்டு பக்கத்தை என்னால் அசைக்க முடியவில்லை.