ஒரு முறைக்கு மேல் சுழலாத இசைத்தட்டுகள்

தொலைபேசிக்கான குரல் சுருக்க மென்பொருளில் பதினோரு ஆண்டுகள் வேலை பார்த்தவன் நான். பால்டிமோரில் அக்கா வீட்டில் தங்கியிருந்தபோது, ஃபோர்ட் மீடில் உள்ள தேசிய மறைகுறியியல் அருங்காட்சியகத்துக்கு ஒரு பகல் முழுவதையும் ஒதுக்கினேன். போனது, இரண்டாம் உலகப் போரில் வாஷிங்டனும் லண்டனும் ரகசியமாகத் தொலைபேசியில் பேச உதவிய சிக்சாலி கருவியின் மாதிரியைப் பார்க்க.

அங்கே சில அலமாரிகள்தாம் நிற்கின்றன. 1943-ல் பென்டகனில் நின்ற அசல் கருவிக்கு ஏறத்தாழ 40 அலமாரிகள், 55 டன் எடை. ஒரே ஒரு தொலைபேசிப் பேச்சுக்கு இவ்வளவு! அதற்கு முன்னிருந்த ஏ-3 கருவி குரலின் அலைவரிசைகளைத் துண்டு போட்டு இடம் மாற்றியதோடு சரி, ஜெர்மானியர்கள் ஒட்டுக்கேட்டுவிட்டார்கள். அமெரிக்கத் தொலைபேசி ஆய்வுக்கூடமான பெல் ஆய்வகம் கட்டிய சிக்சாலியோ குரலையே எண்களாக்கியது. ஹோமர் டட்லி உருவாக்கிய, பேச்சைச் சில அளவுகளாகப் பிரித்துச் சுருக்கும் வோகோடர் என்ற கருவி வழியாக நொடிக்கு 50 முறை குரலை அளந்து, ஒவ்வோர் அளவோடும் ஓர் எண்ணைக் கூட்டி அனுப்பினார்கள். கூட்ட வேண்டிய எண் இசைத்தட்டில் இருந்தது.

அந்தத் தட்டுதான் என்னை நிறுத்திவைத்தது. அதிலிருந்த எண்கள் பாதரச ஆவிக் குழாயின் மின் இரைச்சலிலிருந்து எடுத்துப் பதித்தவை. எந்த ஒழுங்கும் கிடையாது. வாஷிங்டனில் ஒன்று, லண்டனில் அதன் இணை ஒன்று. இரண்டும் ஒரே கணத்தில், ஒரே வேகத்தில் சுழன்றால்தான் மறுமுனையில் எண்ணைக் கழித்துப் பேச்சை மீட்க முடியும். ஒரு தட்டு 12 நிமிடம் வரும்; அது முடிவதற்குள் பக்கத்து மேசையில் அடுத்தது தயாராக இருக்க வேண்டும். பேசி முடித்ததும் தட்டுகளை அழித்துவிடுவார்கள். கடல் கடந்து இரண்டு கைகள் ஒரே நொடியில் இயங்கியதை நினைக்க நினைக்க எனக்கு உடல் சிலிர்த்தது. 1976 வரை இவையெல்லாம் வெளியே தெரியாத ரகசியம்.

அடுத்து, 1987-ல் வந்த எஸ்டியு-3 என்ற ரகசியப் பேச்சுத் தொலைபேசி. பிளாஸ்டிக் சாவியைச் செருகி, பொத்தானை அழுத்திக் காத்திருக்க வேண்டும். அங்கிருந்த முதியவர் ஒருவர் தம் அலுவலகத்தில் அதைப் பயன்படுத்தியவராம். "பத்தாண்டு பழகியவரின் குரல்கூட எனக்கு அடையாளம் தெரியாது. திரையில் வரும் பெயரைப் பார்த்துத்தான் நம்பினேன்" என்றார். குரலை நொடிக்கு 2400 பிட் (0, 1 என்ற இலக்கங்கள்) அளவுக்குச் சுருக்கினால் பேச்சு பிழைக்கும், பேசுகிறவரின் சாயல் போய்விடும். என் வேலையில் நாள்தோறும் பட்ட பாடு அது. அந்த ஒலியைப் பார்வையாளர்கள் கேட்க ஓர் ஒலிபெருக்கியாவது வைத்திருக்கலாம்.

* * *

இந்தப் பதிவுக்கு ஒரு வாசகரின் மறுமொழி:

ஐயா, உங்கள் பதிவின் மறுமுனை லண்டனில் இருக்கிறது. அங்கே சிக்சாலி நின்றது ஆக்ஸ்போர்டு தெருவில், செல்ஃப்ரிட்ஜஸ் கடையின் இணைப்புக் கட்டடத்து அடித்தளத்தில். அங்கிருந்து கம்பி இழுத்து, சர்ச்சிலின் போர் அறைகளில் ஒரு சிற்றறைக்குத் தொலைபேசி கொடுத்திருந்தார்கள். போன மாதம் மகளோடு போய்ப் பார்த்தேன். கதவில் கழிப்பறைத் தாழ்ப்பாள்: "ஆள் உண்டு", "காலி" என்று திரும்பும் வகை. பிரதமருக்குத் தனிக் கழிப்பறை என்றே அங்கு வேலை செய்தவர்கள் எண்ணியிருக்கிறார்கள். உள்ளே ஒரு மேசை, ஒரு நாற்காலி, ஒரு தொலைபேசி. மகள் கண்ணாடியில் முகத்தை ஒட்டிக்கொண்டு வெகுநேரம் நகரவே இல்லை.