ஆய்வேட்டில் தாத்தா பெயரைப் போடலாமா?

பொதிகைக்காரன்:
பாபநாசம் மலையில காணிப் பழங்குடி மக்களோட மூலிகை அறிவு பத்தி பிஎச்டி பண்றேன். மூணு வருஷமா காட்டுல கூட்டிட்டுப் போய்ச் சொல்லிக்கொடுத்த தாத்தா, ஆய்வேட்டுல வெறும் 'தகவலாளி 7'. பெயர் போடணும்னேன். "அப்ப பட்டத்தையும் அவருக்கே குடுத்துரலாமா?"ன்னு கைடு சிரிக்கிறார். ஒப்புதல் படிவமோ இங்கிலீஷ்ல. தாத்தா கைநாட்டு வெச்சப்ப எனக்கே கூசுச்சு.

செங்காந்தள்:
ஆரோக்கியப்பச்சைங்கிற மூலிகைச் செடியோட கதை தெரியும்ல? 1987ல அகத்தியமலை ஏறின விஞ்ஞானிகளுக்கு, களைப்பே இல்லாம நடந்த காணி வழிகாட்டிகள்தான் அந்தச் செடியோட காயைக் காட்டினாங்க. அது 'ஜீவனி' மருந்தாச்சு. உரிமத்தொகையில பாதி காணிகளுக்குன்னு முடிவாச்சு. ஆனா எல்லாக் காணி ஊர்லயும் சம்மதம் கேட்டாங்களான்னு பிரச்சினை வந்துச்சு. தாத்தாகிட்ட மட்டும் கேட்டாப் பத்தாது தம்பி.

வெயிலான்:
தென்னாப்பிரிக்காவுல சான்ங்கிற பழங்குடி மக்கள் 2017லயே ஆய்வாளர்களுக்கு நெறிமுறை எழுதி வெச்சுட்டாங்க. அதைக் கைடு மேசையில வைங்க. படிவத்தைத் தமிழ்ல எழுதி, வாசிச்சுக் காட்டுங்க.

பொதிகைக்காரன்:
நேத்து வாசிச்சுக் காட்டினேன். "பேரப் போடு. அந்த வேரு சமாச்சாரத்தை மட்டும் எடுத்துரு"ன்னுட்டார். என் நாலாம் அத்தியாயமே அதுதான் அண்ணே!