புதுப்பிப்பு: மரிக்கொழுந்து வாசனை
மரிக்கொழுந்து வாசனை பட்டாலே பழைய காதல் ஞாபகம் வந்து வேலை ஓடவில்லை என்று முன்பு எழுதியிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி. மற்ற புலன்களின் செய்தி முதலில் மூளையின் நடுவில் இருக்கும் தலாமஸ் என்ற பகுதி வழியாகப் போகும், வாசனை மட்டும் நேரே உணர்ச்சியையும் நினைவையும் கவனிக்கும் அமிக்டலா, ஹிப்போகாம்பஸ் பக்கம் போய்விடும் என்ற விளக்கம் பெரிய ஆறுதல்.

நேற்று மதுரை மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுக்குப் போனேன். ஈரச் சாக்கில் கட்டுக்கட்டாக மரிக்கொழுந்து. நெஞ்சு அடைத்தது. ஆனால் பிரிந்த நாள் ஞாபகம் வரவில்லை. பேருந்தில் அந்தப் பழைய காதலி கிள்ளிக் கொடுத்த கொத்துதான் வந்தது.

எனக்காகவே என் மனைவி இத்தனை வருஷமாக மரிக்கொழுந்து சேர்த்த கதம்பம் வைப்பதில்லை. அதுதான் ரொம்ப உறுத்துகிறது. நேற்று நானே வாங்கிக் கொடுத்தேன். அடுத்து ஆலோசகரைப் பார்க்கப் போகிறேன், அப்புறம் எழுதுகிறேன்.