கிட்னி மாற்றியவருக்குச் சிவப்பு நிறம் மங்கித் தெரிகிறது, மருந்து காரணமாக இருக்குமா?

சிப்புட்_கலா எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். நாங்கள் மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் இருக்கிறோம். என் வீட்டுக்காரருக்கு 47 வயது. மூன்று வருஷம் டயாலிசிஸில் அலைந்த பிறகு நானே ஒரு கிட்னி கொடுத்தேன், மாற்றி இரண்டரை வருஷம் ஆகிறது. கிரியேட்டினின் 118-இல் நிற்கிறது, கிட்னி பக்கம் ஒரு குறையும் இல்லை. உடம்பு கிட்னியைத் தள்ளிவிடாமல் இருக்கச் சாப்பிடுவது டாக்ரோலிமஸ் காலையில் 2 மில்லிகிராம், இரவில் 2, அதோடு மைக்கோபினோலேட், பிரெட்னிசோலோன்.

பிரச்சினை கண்ணில். அவருக்கு வேலை ரேம்ப்பில் (குலைகளைக் கொட்டி லோரியில் ஏற்றுகிற மேடை), செம்பனைக் குலை தரம் பார்ப்பது. இருபது வருஷமாகத் தூரத்தில் நின்றே எது பழம், எது காய் என்று சொல்லிவிடுகிற மனுஷன். போன மாதம் அவர் பார்த்து ஏற்றிய லோடில் காய்க்குலை அதிகம் என்று மில்லில் இருந்து புகார் வந்தது, மண்டோர் (மேஸ்திரி) எல்லார் முன்னாலும் "தூங்கிக்கொண்டே பார்த்தீங்களா அண்ணே" என்று கேட்டுவிட்டார். அன்றைக்கு இரவுதான் என்னிடம் சொன்னார், இடது கண்ணில் குலையின் சிவப்பு வெளுத்துப்போன காவி மாதிரி தெரிகிறதாம், இரண்டு மாதமாகவே அப்படித்தானாம். நிறத்தைப் பார்க்க முடியாமல் கீழே உதிர்ந்து கிடக்கிற பழத்தை எண்ணித்தான் தரம் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். வலி இல்லை, சிவந்திருக்கவும் இல்லை.

பட்டணத்தில் கண்ணாடிக் கடைக்குப் போனோம், 280 வெள்ளி (ரிங்கிட்), புதுக் கண்ணாடி, பிரயோஜனம் இல்லை. அப்புறம் கண் கிளினிக்கில் சொட்டு மருந்து ஊற்றிப் பார்த்துவிட்டு, புரையும் இல்லை, சர்க்கரையால் வந்ததும் இல்லை, கண் நரம்பு கொஞ்சம் வெளிறி இருக்கிறது, கிட்னி டாக்டரிடம் கேளுங்கள் என்றார்கள். கிட்னி கிளினிக்கில் இருந்த சின்ன டாக்டர், ரத்தத்தில் டாக்ரோலிமஸ் லெவல் 6.4, சரியான அளவு, அதனால் மருந்தாக இருக்காது, கண் டாக்டரிடம் கேளுங்கள் என்றார். பந்து மாதிரி அங்கும் இங்கும் போகிறோம்.

பக்கத்து லயத்து அத்தை எல்லா மாத்திரையையும் ஒரு மாதம் நிறுத்திப் பார் என்கிறார். நேற்று இரவு இவரும் மாத்திரையை விழுங்காமல் உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தார். அது என் கிட்னி, அதில் எனக்கும் பங்கு உண்டு என்று சண்டை போட்டுத்தான் விழுங்க வைத்தேன். யாருக்காவது இப்படி வந்திருக்கிறதா?

பீடோர்_லோரிக்காரன் எழுதியது:

அக்கா, இது பிரெட்னிசோலோன் வேலையாகத்தான் இருக்கும். எங்கள் அப்பாவுக்கு ஆஸ்துமாவுக்கு அந்த மாத்திரை வருஷக்கணக்கில் கொடுத்து இரண்டு கண்ணிலும் புரை வந்தது, ஆப்பரேஷன் செய்தபின் பளிச்சென்று தெரிகிறது. வேறு ஒரு கண் டாக்டரிடம் காட்டிப் பாருங்கள். பயப்படாதீர்கள்.

பழைய_மருந்துக்காரன் எழுதியது:

நான் சுங்கை பட்டாணியில் இருக்கிறேன், அரசு ஆஸ்பத்திரி மருந்தகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். டாக்டர் இல்லை, அதை மனதில் வைத்துப் படியுங்கள்.

முதலில் மாத்திரை. ஒரு வேளைகூட விடக் கூடாது தங்கச்சி. டாக்ரோலிமஸ் உடம்பில் குறைந்தால் அவருடைய ரத்த அணுக்கள் உங்கள் கிட்னியை அந்நியன் என்று கண்டுபிடித்துத் தாக்க ஆரம்பிக்கும், அது வெளியே தெரிவதற்குள் பாதி சேதம் முடிந்திருக்கும். அத்தைக்கு நல்ல மனசு, ஆனால் இந்த விஷயத்தில் அவர் பேச்சு வேண்டாம்.

லோரிக்காரத் தம்பி சொல்வதும் நடக்கிறதுதான், பிரெட்னிசோலோன் புரையையும் கொண்டுவரும், கண் அழுத்தத்தையும் ஏற்றும். ஆனால் புரை என்றால் எல்லாமே புகை படிந்த மாதிரி, எதிரே வரும் காடியின் விளக்கு கண்ணைக் கூசுகிற மாதிரி இருக்கும், சொட்டு ஊற்றிப் பார்த்த டாக்டருக்கும் தெரிந்திருக்கும். இங்கே ஒரு கண்ணில் மட்டும் சிவப்பு வெளுக்கிறது, நரம்பு வெளிறி இருக்கிறது என்கிறார்கள். அது லென்ஸுக்குப் பின்னால், கண்ணில் இருந்து மூளைக்குப் போகிற பார்வை நரம்பில் உள்ள கோளாறைக் காட்டுகிறது. அந்த நரம்பு அடிபட்டால் முதலில் போவது பெரும்பாலும் நிறம்தான், அதிலும் சிவப்பு. எழுத்துப் பலகையில் கீழ் வரி வரைக்கும் வாசித்துவிடுவார்கள், ஆனால் மிளகாய்ப் பழம் பழுப்பாகத் தெரியும். கண்ணாடிக் கடையில் பிடிபடாமல் போனதில் ஆச்சரியம் இல்லை.

இப்போது நீங்கள் கேட்டது. ஆமாம், டாக்ரோலிமஸ் பார்வை நரம்பைக் கெடுத்ததாக மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கிறது, சைக்ளோஸ்போரினுக்கும் அப்படி உண்டு. அபூர்வம்தான். மருந்து ஆரம்பித்துச் சில மாதத்திலும் வரும், பல வருஷம் கழித்தும் வரும். வலி இருக்காது. ஒரு கண்ணில் தொடங்கி மற்றதற்கும் போகலாம். எப்படிக் கெடுக்கிறது என்பதில் இரண்டு விளக்கம் சொல்கிறார்கள்: மெல்லிய ரத்தக்குழாய்களைச் சுருங்க வைத்து நரம்புக்குப் போகும் ரத்தத்தைக் குறைக்கிறது, அல்லது நரம்பையும் அதன் மேலுறையையும் நேரடியாகவே பாதிக்கிறது. இது நரம்பைத் தொடுகிற மருந்து என்பது சாப்பிடுகிறவர்களுக்கே தெரியும், கை நடுங்குகிறது என்று எத்தனை பேர் சொல்லிக் கேட்டிருக்கிறேன்.

அந்தச் சின்ன டாக்டர் சொன்னதில்தான் எனக்குச் சம்மதம் இல்லை. லெவல் சரியாக இருந்தவர்களுக்கும் இது வந்திருக்கிறது. லெவல் என்பது காலை மாத்திரைக்கு முன்னால் ரத்தத்தில் எவ்வளவு மருந்து மிச்சம் இருக்கிறது என்ற கணக்கு, கிட்னியைக் காப்பாற்ற அந்த அளவு போதுமா என்று பார்ப்பதற்கு வைத்தது. இவருடைய கண் நரம்பு அதைத் தாங்குகிறதா என்பதை அந்த எண் சொல்லாது.

ஆனால் உடனே மருந்துதான் என்று முடிவு கட்டவும் முடியாது. அதைக் காட்டுகிற தனி டெஸ்ட் எதுவும் இல்லை, மற்றதை எல்லாம் ஒவ்வொன்றாகத் தள்ளிவிட்டுக் கடைசியில் சந்தேகம் இதன்மேல் நிற்கிறதா என்றுதான் பார்ப்பார்கள். அதனால் கூச்சப்படாமல் பதில் சொல்லுங்கள். டிபிக்கு மருந்து சாப்பிட்டாரா? அதில் வருகிற எத்தாம்புட்டால் பார்வை நரம்பைக் கெடுக்கும், நிறத்தைத்தான் முதலில் பிடிக்கும். சம்சு (மலிவுச் சாராயம்) குடிக்கிறாரா? 2018-இல் சிலாங்கூரில் மெத்தனால் கலந்த மதுவால் பலர் இறந்தது நினைவிருக்கும், மெத்தனால் கண் நரம்பை எரித்துவிடும், ஆனால் அது ஓரிரு நாளில் அடிக்கும், இரண்டு மாதம் மெதுவாக வராது. நோய் எதிர்ப்பு குறைந்தவர் என்பதால் கிருமித் தொற்றையும் பார்க்க வேண்டும். பி12, சிபிலிஸ் ரத்தப் பரிசோதனை எல்லாம் கேட்பார்கள், கோபப்பட வேண்டாம், எல்லாருக்கும் கேட்பதுதான்.

இன்னொன்று. திடீரென்று இரண்டு கண்ணும் இருட்டி, கூடவே கடுமையான தலைவலி, பிரஷர் ஏற்றம், குழப்பம் அல்லது வலிப்பு வந்தால் அப்பாயின்ட்மென்ட் எல்லாம் பார்க்காமல் நேராக அவசரப் பிரிவுக்குப் போங்கள். இதே மருந்து மூளையின் பின்பக்கத்தில் வீக்கம் உண்டாக்குவதும் உண்டு, சீக்கிரம் பிடித்தால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

பஹாவ்_தேவி எழுதியது:

கலா அக்கா, எனக்கு வந்தது. அம்மா கொடுத்த கிட்னி, நான்காவது வருஷம் வலது கண். டிவியில் செய்தி வாசிப்பவர் மூஞ்சி நடுவில் மட்டும் சாம்பல் திட்டு, சுற்றி எல்லாம் தெரியும். என்னையும் லெவல் நார்மல், லெவல் நார்மல் என்று சொல்லியே நாலு மாதம் ஓட்டினார்கள், எந்த ஆஸ்பத்திரி என்று எழுத மாட்டேன், அங்கேதான் இன்னும் போய்க்கொண்டிருக்கிறேன். அதற்குள் இடது கண்ணும் மங்க ஆரம்பித்தது.

கடைசியில் என்ன நடந்தது தெரியுமா, நான் கண் கிளினிக்கில் உட்கார்ந்து, ஒரு கடிதம் எழுதிக் கொடுங்கள், அதில் "டாக்ரோலிமஸால் இருக்குமா" என்ற வரியும் இருக்கட்டும், வாங்காமல் எழுந்திருக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அந்தக் கடிதத்தை நானே கையில் கொண்டுபோய்க் கிட்னி கிளினிக்கில் பெரிய டாக்டர் மேசையில் வைத்தேன். அவர் வாசித்துவிட்டு அப்போதே போனை எடுத்துக் கண் டாக்டரிடம் பேசினார், ஐந்து நிமிஷம். நாலு மாதமாக நடக்காதது.

பிறகு மளமளவென்று நடந்தது. நிறப் புள்ளிப் புத்தகம், பார்வைப் பரப்பு டெஸ்ட் (வெளிச்சப் புள்ளி தெரியும்போதெல்லாம் பொத்தான் அழுத்த வேண்டும், தூக்கம் வரும்), நரம்பு இழையின் தடிப்பைப் பார்க்கிற ஓ.சி.டி. ஸ்கேன், எம்.ஆர்.ஐ. உங்கள் வீட்டுக்காரருக்கு எம்.ஆர்.ஐ. எடுத்தால் கிட்னி மாற்றியவர் என்று முதலிலேயே சொல்லுங்கள், ஊசி மருந்து போடுவதற்கு முன் கிரியேட்டினின் பார்ப்பார்கள்.

எனக்கு டாக்ரோலிமஸை மெதுவாக இறக்கி, கிட்னியைக் காக்கிற வேறு மருந்தான சிரோலிமஸுக்கு மாற்றினார்கள். முதல் இரண்டு மாதம் வாரா வாரம் ரத்தம், ஈப்போ ரோட்டில் டோல் கட்டுகிற மாதிரி. வாய்ப்புண் வந்தது, கொழுப்பு ஏறியது, கொழுப்பு மாத்திரை கூடியது. கிட்னி தாங்கிவிட்டது. உண்மையைச் சொல்ல வேண்டும் இல்லையா, இடது கண் ஏறக்குறைய முழுசாகத் திரும்பியது, வலது கண்ணில் அந்தத் திட்டு இன்னும் இருக்கிறது. நாலு மாதம் முன்னாலேயே மாற்றியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யாராலும் சொல்ல முடியாது, நானும் யோசிப்பதை விட்டுவிட்டேன் (விட்டுவிட்டேன் என்று சொல்லிக்கொள்கிறேன்).

சிப்புட்_கலா எழுதியது:

தேவி, மருந்துக்கார அண்ணே, இரண்டு பேருக்கும் ரொம்ப நன்றி. டிபி வந்ததில்லை. குடி டயாலிசிஸ் ஆரம்பித்த அன்றே நின்றது. கை நடுக்கம் இருக்கிறது, தேநீர்க் கிளாஸைச் சாசரோடு பிடிக்க மாட்டார்.

ஒன்று கேட்க வேண்டும். கிட்னி மாற்றியபோது கிரேப்ஃப்ரூட் சாப்பிடாதே என்று தாளில் எழுதிக் கொடுத்தார்கள். அந்தப் பழத்தை எங்கள் ஊரில் யார் கண்டார்கள், நாங்கள் சிரித்துவிட்டு வந்துவிட்டோம். ஆனால் இவர் தங்கை தம்புன் ரோட்டில் பம்பளிமாஸ் கடை வைத்திருக்கிறது. வாரத்துக்கு இரண்டு பழமாவது வீட்டுக்கு வரும். அதுவும் இதுவும் ஒன்றா?

பழைய_மருந்துக்காரன் எழுதியது:

ஒரே குடும்பம் தங்கச்சி! அந்தத் தாளில் பம்பளிமாஸுக்கு மலாயில் சொல்கிற லிமாவ் பாலி என்று ஒரு வார்த்தை சேர்த்திருக்கலாம், ஈப்போக்காரர்களுக்குக் கொடுக்கிற தாளில் இது இல்லை என்றால் எங்கள் துறையைத்தான் குறை சொல்ல வேண்டும். குடலில் டாக்ரோலிமஸை உடைக்கிற ஒரு நொதியை இந்தப் பழங்கள் செயலிழக்க வைக்கின்றன, அதனால் சாப்பிட்ட மாத்திரையில் வழக்கத்தை விட அதிகம் ரத்தத்துக்குப் போய்விடும். பழம் தின்ற வாரம் ஏறும், தின்னாத வாரம் இறங்கும், நீங்கள் ரத்தம் கொடுத்த நாளில் மட்டும் 6.4 ஆக இருந்திருக்கலாம்.

ஆனால் கவனியுங்கள். பழத்தை இன்றே நிறுத்துங்கள், நிறுத்திய தேதியைக் கிளினிக்குக்குப் போன் போட்டுச் சொல்லுங்கள். இரண்டரை வருஷமாகப் பழத்தோடு சேர்த்துத்தான் அவருடைய அளவை நிர்ணயித்திருக்கிறார்கள், பழம் நின்றால் லெவல் தேவைக்குக் கீழே இறங்கலாம், அதுவும் கிட்னிக்கு ஆபத்து. மறுபடி ரத்தம் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். மருந்துக்கடையில் எரித்ரோமைசின், கிளாரித்ரோமைசின், பூஞ்சைக்காளான் மாத்திரை எது கொடுத்தாலும் இதே கதைதான், கேட்காமல் வாங்க வேண்டாம்.

வீட்டில் தினமும் காலையில் ஒரே வெளிச்சத்தில் ஏதாவது ஒரு சிவப்புப் பொருளை ஒவ்வொரு கண்ணாக மூடிப் பார்க்கச் சொல்லுங்கள். நல்ல கண்ணுக்கு நூறு வெள்ளி மதிப்புள்ள சிவப்பு என்றால் மற்ற கண்ணுக்கு எத்தனை வெள்ளி என்று கேட்டுக் காலண்டரில் எழுதுங்கள். கண் டாக்டர்களே இப்படிக் கேட்பதுண்டு.

பீடோர்_லோரிக்காரன் எழுதியது:

நான் சொன்னது தப்பு அக்கா, மன்னிக்கவும். ஈப்போவுக்குப் போக வண்டி வேண்டும் என்றால் சொல்லுங்கள், செவ்வாயும் வியாழனும் அந்தப் பக்கம்தான் லோடு.

சிப்புட்_கலா எழுதியது:

மன்னிப்பு எல்லாம் எதற்கு தம்பி. வண்டி இருக்கிறது, மச்சான் கூட்டிப் போனார்.

தேவி சொன்ன மாதிரியே கடிதம் கேட்டேன். கண் கிளினிக்கில் முதலில் முகம் சுளித்தார்கள், பிறகு எழுதிக் கொடுத்தார்கள். கிட்னி பெரிய டாக்டர் வாசித்ததும் இவரிடம் பம்பளிமாஸ் பற்றித்தான் நிறையக் கேட்டார், இவர் தங்கையைக் காட்டிக்கொடுக்கிற மாதிரி முழித்தார். ரத்தம் எடுத்தாயிற்று, வரும் புதன் எம்.ஆர்.ஐ., அதைப் பார்த்துவிட்டு மருந்தை மாற்றுவதைப் பேசுவோம் என்றார், அதுவரைக்கும் ஒரு மாத்திரையும் விடாதே என்று இவரைப் பார்த்து மலாயில் இரண்டு தடவை சொன்னார். தோட்டத்துக் கிராணியும் (கணக்கர்) இவரைத் தற்காலிகமாக எடைப் பாலத்துக்கு மாற்றிவிட்டார், அங்கே எண்தான், நிறம் இல்லை.

சிவப்புப் பொருளுக்கு என் குங்குமப் பொட்டைத்தான் பார்க்கிறார். வலது கண் நூறு, இடது கண் திங்கள் 40, செவ்வாய் 40, இன்று 45 என்றார். நான் சந்தோஷப்படுவேன் என்று கூட்டிச் சொல்கிறாரோ என்று சந்தேகமாக இருக்கிறது, நாளையில் இருந்து மகளைக் கேட்கச் சொல்லப்போகிறேன். புதன்கிழமைக்குப் பிறகு வந்து எழுதுகிறேன்.